கிழிப்பதா, விற்பதா? கார்டுக் கடை விளையாட்டில் ஒரு வணிகப் பாடம்

கணினி விளையாட்டைப் பற்றி ஆண்டிதழில் ஒரு பாடக் கட்டுரையா என்று சிலர் முகம் சுளிக்கலாம். விளையாட்டு படிப்பைக் கெடுக்கும் என்று சொல்வதற்கு வீட்டில் பெரியவர்கள் இருக்கிறார்கள். அந்தப் பணியை அவர்களிடமே விட்டுவிடுகிறேன். நான் எழுத வந்தது கணக்கு. நான் படித்தது புள்ளியியல். ஜொகூர் பாருவில் வேலை பார்த்துக்கொண்டே மாலை நேரத்தில் சில மாணவர்களுக்கு அப்பாடத்தைச் சொல்லிக் கொடுக்கிறேன். சராசரி, வாய்ப்புச் செலவு, எதிர்பார்ப்பு மதிப்பு என்று வெண்பலகையில் எழுதியபோது கொட்டாவி விட்ட அதே மாணவர்கள், ஒரு கார்டுக் கடை விளையாட்டை வைத்து விளக்கியபோது நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார்கள். அந்தப் பாடத்தைத்தான் இங்கே எழுத்தில் தருகிறேன்.

விளையாட்டின் பெயர் டிசிஜி கார்ட் ஷாப் சிமுலேட்டர். 2024 செப்டம்பர் 15ஆம் நாள் ஸ்டீம் தளத்தில், முழுமை பெறுவதற்கு முந்தைய பதிப்பாக வெளிவந்தது. ஓபிநியான் கேம்ஸ் என்ற பெயரில் இதைச் செய்தவர் ஒரு மலேசியர். நம் நாட்டில் உருவான ஒரு விளையாட்டு கடல் கடந்து விளையாடப்பட்டது நமக்கும் மகிழ்ச்சி தரும் செய்தியே.

போகிற போக்கில் சொல்லைப் பற்றியும் ஒரு வார்த்தை. 'அட்டை' என்று எழுதினால் அடையாள அட்டைதான் நினைவுக்கு வருகிறது. 'சீட்டு' என்றாலோ சூதாட்டம் வந்து நிற்கிறது. அதோடு கூட்டுச் சீட்டும் சேர்ந்து வருகிறது. (1971ஆம் ஆண்டில் கூட்டுச் சீட்டைத் தடை செய்த நம் நாட்டுச் சட்டத்தின் பெயரிலேயே 'கூட்டு' என்ற நம் சொல் இருப்பது பலருக்குத் தெரியாது.) எனவே பேச்சில் உள்ளபடி 'கார்டு' என்றே எழுதுகிறேன். மொழிக் கழகத்தார் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

கடை திறக்கிறது

விளையாட்டைத் தொடங்கினால் நம் கையில் ஒரு சிறிய கடையும் கொஞ்சம் முதலும் இருக்கும். கைத்தொலைபேசியில் சரக்குக்குச் சொல்லி அனுப்ப வேண்டும். பெட்டி வாசலில் வந்து இறங்கும். அதைத் தூக்கி வந்து அலமாரியில் அடுக்கி, விலை போட்டு, கதவைத் திறந்தால் ஆட்கள் வருவார்கள். கல்லாவில் நாமே நின்று பொருளை வருடி, காசு வாங்கி, மீதியை எண்ணிக் கொடுக்க வேண்டும். நாள் முடிந்ததும் வாடகை, மின்கட்டணம், ஆள் வைத்திருந்தால் சம்பளம். இவ்வளவும் எந்தக் கடைக்கும் உள்ளதே.

விற்கும் பொருள்தான் வேறு. டெட்ராமோன் என்ற கற்பனை உயிரினங்களின் படம் போட்ட கார்டுகள், உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியாதபடி ஒட்டிய பாக்கெட்டுகளில் வரும். வாங்குபவர்கள் அவற்றைச் சேர்த்துக்கொண்டு, கடையில் நாம் போட்டிருக்கும் மேசைகளில் எதிரெதிரே உட்கார்ந்து கார்டுக்குக் கார்டு மோதுவார்கள். 2024இல் வெளிவந்தபோது மோதல் அவர்களுக்குத்தான். கடைக்காரருக்கு மேசைக் கட்டணம் மட்டும். மாமாக் கடையில் பெரிய திரையில் பந்து விளையாட்டைப் போட்டுவிட்டு, ஒரு தே தாரிக்கோடு இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருப்பவர்களைப் பார்த்துக்கொண்டிருக்கும் முதலாளியின் நிலைதான். மேசை இடத்தை அடைக்கும். ஆனால் மேசை இல்லாவிட்டால் கூட்டம் சேராது. குளிக்காமல் வரும் வாடிக்கையாளர்மீது வாசனை அடிக்கும் வேலையும் கடைக்காரருக்கு உண்டு. அதில் கணக்கு ஒன்றும் இல்லை, சிரிப்பு மட்டுமே.

விலை போடுவது

முதல் பாடம் எளியது. ஆனால் பட்டதாரிகளே தடுமாறும் இடம் இது. ஒரு பாக்கெட்டை 4 வெள்ளிக்கு வாங்கி 5 வெள்ளிக்கு விற்கிறோம் என்று வைத்துக்கொள்வோம். (இக்கட்டுரையில் வரும் பாக்கெட் கணக்குகள் பாடத்திற்காக நான் அமைத்துக்கொண்டவை, விளையாட்டின் உள்கணக்கு அல்ல.) இலாபம் எத்தனை விழுக்காடு? 'இருபத்தைந்து' என்று பாதிப் பேர் சொல்வார்கள், 'இருபது' என்று மீதிப் பேர். இரண்டும் சரி. கொள்முதல் விலையின் மேல் 25 விழுக்காடு. விற்ற பணத்தில் 20 விழுக்காடு. வாடகையும் சம்பளமும் விற்ற பணத்திலிருந்துதான் போகின்றன. அதனால் கடை நடத்துபவர் 20 என்ற எண்ணைத்தான் மனத்தில் வைத்திருக்க வேண்டும். 25 என்று நினைத்துக்கொண்டு செலவு செய்பவரின் கடையில் மாதக் கடைசியில் துண்டு விழும்.

நாள் செலவு 60 வெள்ளி என்றால், பாக்கெட்டுக்கு 1 வெள்ளி வீதம் 60 பாக்கெட் விற்றால்தான் கை நட்டமில்லை. விலையை 5.50 ஆக்கினால்? பாக்கெட்டுக்கு 1.50 கிடைக்கும், 40 பாக்கெட் போதும். அதாவது மூன்றில் ஒரு பங்கு வாடிக்கையாளர்கள் விலை அதிகம் என்று முகத்தைத் திருப்பிக்கொண்டு போனாலும் அன்றைய செலவு அடைந்துவிடும். ஆனால் போனவர்கள் நாளைக்கு வருவார்களா என்பது வேறு கேள்வி. விளையாட்டில் சந்தை விலை திரையிலேயே தெரியும். அதற்கு மிக மேலே போட்டால் வருபவர்கள் பார்த்துவிட்டு வாங்காமல் போவதும் கண்முன் நடக்கும். அரை வெள்ளி ஏற்றி, அரை வெள்ளி இறக்கி, எந்த விலையில் கல்லா அதிகம் நிறைகிறது என்று ஒரே மாலையில் சோதித்துப் பார்க்க முடிகிறதே, அது பாடநூலில் கிடைக்காத வசதி.

பாக்கெட்டுக்குள் இருப்பது

இப்போது இந்தக் கட்டுரையின் மையத்துக்கு வருகிறோம். அதற்கு முன் இந்தப் பாக்கெட் எங்கிருந்து வந்தது என்று கொஞ்சம் பார்த்துவிடலாம்.

மோதல் கார்டுகளை உலகுக்குத் தந்த மேஜிக் த கேதரிங் 1993இல் அமெரிக்காவில் வெளிவந்தது. அதை வடிவமைத்த ரிச்சர்டு கார்ஃபீல்டு கணிதத்தில் முனைவர் பட்டம் பெற்றவர் என்பது தற்செயலா என்று நீங்களே யோசியுங்கள். அதற்கு முன் சீட்டுக்கட்டு என்றால் எல்லார் கையிலும் ஒரே கட்டுதான். இவர் ஒவ்வொருவர் கையிலும் வேறு வேறு கட்டு இருக்கச் செய்தார். தொடக்க காலப் பாக்கெட் ஒன்றில் 15 கார்டுகள்: 11 சாதாரணம், 3 சற்று அரியவை, 1 அரியது. 2008இல் அதற்கும் மேலே இன்னொரு அரிய வகையைச் சேர்த்தார்கள். அது ஏறத்தாழ எட்டுப் பாக்கெட்டுக்கு ஒன்று. 1996இல் ஜப்பானில் போக்கிமோன் கார்டுகள் வந்தன, 1999இல் யூகியோ. இவை அனைத்தும் அதே வழியில்தான் நடந்தன. டெட்ராமோனும் அந்த வம்சமே. அரிய கார்டு மேசையில் எதிரியை வீழ்த்தும். சந்தையில் விலையும் போகும். விளையாட்டும் வணிகமும் ஒரே காகிதத்தில் ஒட்டிக்கொண்டது அப்படித்தான்.

சிமுலேட்டரில் கடைக்காரரின் முன்னால் இருக்கும் சோதனை இதுதான்: அலமாரியில் அடுக்க வேண்டிய பாக்கெட்டைத் தானே கிழித்துப் பார்க்கலாம். நல்ல கார்டு வந்தால் தனியாக மேசையில் வைத்துப் பெரிய விலைக்கு விற்கலாம். கிழிக்கும்போது வரும் ஓசையும், பளபளப்பும், கடைசிக் கார்டைத் திருப்பும்வரை நெஞ்சு அடித்துக்கொள்வதும் சாமானியமல்ல. என் மாணவர்களில் பலர் கடையைத் திறக்கவே மறந்து கிழித்துக்கொண்டிருந்தார்கள்.

கணக்குப் போடுவோம். நூறு பாக்கெட்டில் 90இல் இருப்பது 2 வெள்ளிக்குப் போகும் கார்டுகள். 9இல் இருப்பது 15 வெள்ளிக்குப் போகும். ஒன்றே ஒன்றில் 150 வெள்ளிக் கார்டு. நூறையும் கூட்டினால் 180, 135, 150, மொத்தம் 465. ஒரு பாக்கெட்டுக்குச் சராசரி 4 வெள்ளி 65 காசு. இதைத்தான் எதிர்பார்ப்பு மதிப்பு என்கிறோம்.

'வாங்கிய விலை 4, கிழித்தால் 4.65, ஆகவே கிழிப்பது இலாபம்' என்று வகுப்பில் உடனே ஒரு குரல் வரும். இங்கேதான் நிற்க வேண்டும். கிழிக்காமல் விற்றிருந்தால் 5 வெள்ளி கிடைத்திருக்குமே! கிழித்த கடைக்காரருக்கு அந்தப் பாக்கெட்டின் விலை 4 அல்ல, 5. இதுவே வாய்ப்புச் செலவு. 65 காசு இலாபம் போல் தோன்றியது உண்மையில் 35 காசு நட்டம். அலமாரியில் உள்ள சரக்கைத் தனக்கு இலவசம் என்று நினைக்கும் பழக்கம் கார்டுக் கடைக்கு மட்டும் உரியதல்ல. கூலாயில் என் மாமா பலசரக்குக் கடை வைத்திருந்தார். பள்ளி விடுமுறையில் கல்லாவில் உட்காரும் எனக்கு அவர் முதலில் சொன்னது, "கடையில இருந்து எடுக்கிற மிட்டாய்க்கும் விற்கிற விலைய எழுதிடுடா" என்பதுதான். வாங்கிய விலையை அல்ல, விற்கிற விலையை. வாய்ப்புச் செலவு என்ற சொல்லைக் கேள்விப்படாமலே அவர் அதை நடத்திக்கொண்டிருந்தார்.

சராசரி இன்னொரு விதத்திலும் ஏமாற்றும். நூறு பாக்கெட் கிழித்தால் அந்த 150 வெள்ளிக் கார்டு கட்டாயம் வருமா? ஒவ்வொரு முறையும் வராமல் போகும் வாய்ப்பு நூற்றுக்கு 99. அதை நூறு முறை தன்னால் பெருக்கினால் சுமார் 0.37 வருகிறது. அதாவது நூறு பாக்கெட் கிழிப்பவர்களில் ஏறத்தாழ 37 விழுக்காட்டினர் அந்தக் கார்டைக் கண்ணாலும் பார்க்க மாட்டார்கள். வர ஐம்பதுக்கு ஐம்பது வாய்ப்பு வேண்டுமென்றாலே 69 பாக்கெட் வேண்டும். வராத அந்த 37 பேரின் நிலையைப் பாருங்கள்: 400 வெள்ளி முதல் போட்டுச் சராசரியாக 318 வெள்ளிக்குத்தான் கார்டுகள் கையில் இருக்கும். கிழிக்காமல் விற்றிருந்தால் 500. கையிருப்பு 400 வெள்ளியே உள்ள சின்னக் கடைக்கு, அடுத்த பெட்டிக்குப் பணம் இருக்காது. கடலில் மீன் நிறைய உண்டு என்பதால் இன்றைய வலையில் விழும் என்று பொருளில்லை.

திக்கம் பலகைக்கு நினைவு உண்டு

நம் பெரியவர்களுக்கு இதெல்லாம் புதிதல்ல. பள்ளிக்கூடத்துக்குப் பக்கத்து ஒட்டுக்கடைகளில் 'திக்கம் திக்கம்' தொங்கிய காலம் ஒன்று இருந்தது. மடித்த சிறு காகிதங்கள் ஒட்டிய ஒரு பலகை. சில காசு கொடுத்து ஒன்றைக் கிழித்து, உள்ளே உள்ள எண்ணைப் பார்த்தால், அந்த எண்ணுக்குரிய பொம்மையோ மிட்டாயோ கிடைக்கும். பெரும்பாலும் மிட்டாய்தான்.

நூறு காகிதம், ஒன்று 10 காசு என்றால் பலகை தீரும்போது கடைக்காரருக்கு 10 வெள்ளி வரும். பரிசுகளின் மதிப்பு 6 வெள்ளி என்றால் மீதி 4 அவருக்கு. யாருக்குப் பெரிய பரிசு விழுந்தாலும் இந்த 4 மாறாது. விற்பவருக்கு உறுதி, வாங்குபவருக்கு அதிர்ஷ்டம். கார்டுப் பாக்கெட்டிலும் இதே ஏற்பாடுதான்.

ஆனால் ஒரு வேற்றுமை உண்டு. என் மாணவர்கள் இதைப் பிடித்துக்கொள்ளத்தான் நான் அதிக நேரம் எடுத்தேன். பலகையில் இன்னும் 20 காகிதங்களே மீதி, 2 வெள்ளிப் பரிசு இன்னும் விழவில்லை, அதோடு 20 காசு மதிப்புள்ள மிட்டாயும் இருக்கிறது என்று வையுங்கள். மீதி இருபதையும் 2 வெள்ளி கொடுத்து வாங்கும் பையனுக்கு 2 வெள்ளி 20 காசுக்குப் பொருள் கிடைக்கும். எண்ணிக்கொண்டே இருந்த பையன் கெட்டிக்காரன். போன ஒவ்வொரு காகிதமும் மீதி உள்ளவற்றின் மதிப்பை மாற்றுகிறது. பலகைக்கு நினைவு இருக்கிறது.

சிமுலேட்டரின் பாக்கெட்டுக்கு அந்த நினைவு இல்லை. 99 பாக்கெட் கிழித்தும் வராதவருக்கு, நூறாவது பாக்கெட்டில் வரும் வாய்ப்பு அதே நூற்றுக்கு ஒன்றுதான். 'இவ்வளவு கிழித்துவிட்டேன், இனி வந்தே தீரும்' என்று நினைப்பவர் பாக்கெட்டை வாங்கிக்கொண்டு திக்கம் பலகையின் கணக்கைப் போடுகிறார். உண்மைக் கார்டுகளில் பிரிக்காத ஒரு முழுப் பெட்டிக்குள் ஓரளவு ஒழுங்கு இருக்கலாம். கடை மேசையில் கலந்து கிடக்கும் தனிப் பாக்கெட்டை வாங்குபவருக்கு அது உதவாது.

உதவும் வகையில் சிலர் குறுக்குவழி கண்டதும் உண்டு. பழைய போக்கிமோன் பாக்கெட்டுகளில் பளபளக்கும் கார்டு உள்ளது சற்றுக் கனமாக இருக்கும். துல்லியத் தராசில் நிறுத்துப் பார்த்துக் கனமானதை எடுத்துக்கொண்டு, இலேசானதை மற்றவர் தலையில் கட்டியவர்கள் இருந்தார்கள். கொள்வதில் கூடுதலாகக் கொள்ளாமலும் கொடுப்பதில் குறைவாகக் கொடாமலும் வாழ்ந்த காவிரிப்பூம்பட்டினத்து வணிகர்களைப் பட்டினப்பாலை புகழ்கிறது. நிறுத்துப் பார்த்த பாக்கெட்டைத் தொடாத பாக்கெட் என்று விற்பவரை அது என்ன சொல்லியிருக்கும்?

சூதா, வணிகமா?

மாணவி ஒருவர் கேட்டார்: "அப்படின்னா இது சூதாட்டம்தானே அண்ணே?"

வள்ளுவர் 94ஆவது அதிகாரத்தைச் சூதுக்கே ஒதுக்கினார். முன்னால் கள்ளுண்ணாமை, பின்னால் மருந்து. வரிசை அப்படி அமைந்திருக்கிறது. உலக நாடுகளும் இதே கேள்வியோடு மல்லுக்கட்டின. கணினி, கைத்தொலைபேசி விளையாட்டுகளில் பணம் கட்டித் திறக்கும் மர்மப் பெட்டிகளைப் பற்றித்தான் அதிகச் சர்ச்சை. ஜப்பானில் 2012இல், குலுக்கலில் கிடைக்கும் பொருள்களை ஒரு முழுத் தொகுப்பாகச் சேர்த்தால்தான் பெரிய பரிசு என்ற வகை தடுக்கப்பட்டது. சீனா 2017 முதல் வாய்ப்பு விகிதத்தை வெளியிடச் சொன்னது. பெல்ஜியத்தின் சூதாட்ட ஆணையம் 2018இல் சில விளையாட்டுகளின் மர்மப் பெட்டிகள் சூதாட்டமே என்று முடிவு சொன்னது.

என் கருத்தைக் கேட்டால், சிமுலேட்டர் விளையாடுவது சூதாட்டம் அல்ல. விளையாட்டை ஒருமுறை விலை கொடுத்து வாங்கிவிட்டால், உள்ளே கிழிபடுவது விளையாட்டுக் காசு. போனால் முன்பு சேமித்து வைத்த இடத்துக்குத் திரும்பிவிடலாம். ஆனால் அதே கை, அதே ஓசை, அதே நெஞ்சுத் துடிப்போடு உண்மைப் பாக்கெட்டையோ கைத்தொலைபேசி விளையாட்டின் குலுக்கலையோ தொடும்போது நிலைமை வேறு. நம்மில் பலர் பிடிபிடிஎன் கடனில் படிக்கிறவர்கள். அந்தக் கடனில் சேமித்த இடத்துக்குத் திரும்பும் பொத்தான் கிடையாது.

ஒரு தம்பியின் கடை

இந்தப் பாடத்தை உண்மைப் பணத்தில் சோதித்த ஒரு தம்பியைப் பற்றிச் சொல்ல வேண்டும். பல்கலைக்கழகப் பட்டமளிப்பு விழாவை ஒட்டி மாணவர்கள் கடை போடுவார்கள் அல்லவா? அவர் போக்கிமோன் கார்டு விற்க முடிவு செய்தார். இரண்டு பெட்டி, பெட்டிக்கு 36 பாக்கெட், மொத்தம் 72. பாக்கெட் 16 வெள்ளி வீதம் 1,152 வெள்ளி. கடை வாடகைக்குத் தன் பங்கு 140. மொத்தம் 1,292 வெள்ளி. அந்தப் பருவத்தின் சாப்பாட்டுச் செலவில் பெரும்பகுதி அது.

பெட்டி வந்த அன்று இரவு என்னை அழைத்தார். "அண்ணே, ஒரு பெட்டிய நானே பிரிச்சிடட்டுமா? ஒரு நல்ல கார்டு விழுந்தா போதும், இந்த செமஸ்டர் செலவு ஓடிடும்."

"விழலன்னா எத்தனை வாரத்துக்கு மெகி?" என்று கேட்டேன். சிறிது நேரம் பேச்சு இல்லை. பிறகு, "முப்பத்தேழு பேர்ல ஒருத்தனா நான் இருந்தா அண்ணே..." என்று தானே இழுத்தார். வகுப்பில் போட்ட எண் நினைவில் நின்றிருக்கிறது. அவருக்கு இருந்தது நூறு பாக்கெட்டும் இல்லை, முப்பத்தாறுதான்.

பிரிக்கவில்லை. பாக்கெட் 20 வெள்ளி என்று விலை போட்டார். 65 பாக்கெட் விற்றால் செலவு அடையும். நானும் ஒரு மாலை போய்ப் பக்கத்தில் நின்றேன். முதல் ஒரு மணி நேரம் யாரும் எட்டிப் பார்க்கவில்லை. பிறகு ஒரு மாணவர் வாங்கி மேசையிலேயே கிழித்தார். பளபளப்பாக ஏதோ வந்தது. அவர் போட்ட கூச்சலில் சுற்றிப் பத்துப் பேர் கூடிவிட்டார்கள். அடுத்த கால் மணி நேரத்தில் எட்டுப் பாக்கெட் போயின. கிழிக்கும் சுகம் வாங்கியவருக்கு, கூட்டத்தின் பயன் விற்றவருக்கு. கடைக்குள் மேசை எதற்கு என்று சிமுலேட்டரில் புரியாதவர்களுக்கு அங்கே புரிந்திருக்கும்.

இரண்டாம் நாள் ஒரு சிறுவன் வந்தான். ஆரம்பப்பள்ளி வயது. அக்காவின் பட்டமளிப்புக்குக் குடும்பத்தோடு வந்தவன். கையில் மடித்த நோட்டுகள். ஒரு பாக்கெட் வாங்கிக் கிழித்தான், ஒன்றுமில்லை. இன்னொன்று; ஒன்றுமில்லை. மூன்றாவதுக்கு நோட்டை நீட்டியபோது தம்பி வாங்கவில்லை. "போதும்டா. அம்மாவக் கூட்டிட்டு வா, அப்புறம் பார்க்கலாம்" என்று சொல்லி, வழியில் கிடந்த சாதாரணக் கார்டுகள் நாலைந்தைப் பொறுக்கி அவன் கையில் வைத்தார். சிறுவனுக்குக் கோபம். அம்மாவும் வரவில்லை. விற்பனையில் 20 வெள்ளி, ஒருவேளை 40 வெள்ளி குறைந்தது.

இரண்டு நாளில் 61 பாக்கெட் விற்று 1,220 வெள்ளி வந்தது. செலவுக்கு 72 வெள்ளி குறைவு, கையில் 11 பாக்கெட் மீதி. அன்றிரவு மறுபடியும் அதே கேள்வி, "பதினொன்னையும் பிரிச்சிடட்டுமா?" நான் பதில் சொல்லவில்லை, அவர் பணம், அவர் முடிவு. அடுத்த மூன்று வாரத்தில் வகுப்பு நண்பர்களிடம் 18 வெள்ளி வீதம் அத்தனையும் விற்றுவிட்டார். 198 வெள்ளி. கடைசியில் இலாபம் 126. இரண்டு நாள் நின்ற கால் வலிக்கு அது அதிகமா குறைவா என்று அவர்தான் சொல்ல வேண்டும்.

விளையாட்டில் இல்லாதவை

சிறுவனிடம் 'போதும்' என்று சொன்னாரே, அதற்குச் சிமுலேட்டரில் வழியில்லை. வந்தவர் எத்தனை எடுத்தாலும் வருடி, காசு வாங்கி, நன்றி சொல்லி அனுப்ப வேண்டியதுதான். வாடிக்கையாளருக்கு வயதும் இல்லை, வீடும் இல்லை.

இன்னொன்று, கடன். விளையாட்டில் எல்லாரும் ரொக்கமாகவோ வங்கி அட்டையிலோ உடனே கட்டிவிடுகிறார்கள். இதைக் கண்டு என் மாமா சிரித்தே விட்டார். நம் பலசரக்குக் கடைகளும் தோட்டத்துக் கடைகளும் நடந்தது '555' என்று அட்டையில் போட்ட அந்தச் சின்ன நோட்டில்தான். அரிசியும் பருப்பும் மாதம் முழுக்கப் போகும். சம்பள நாளில் பாதி வரும். மீதி அடுத்த மாதம். மழைக்காலத்தில் பால்மரம் வெட்ட முடியாவிட்டால் அதுவும் வராது. கடைக்காரர் மூட்டைக்காரருக்குக் காத்திருக்கச் சொல்ல வேண்டும். இலாபம் நோட்டில் இருக்கும், கல்லா காலியாக இருக்கும். கணக்கியல் மாணவர்கள் பணப்புழக்கம் என்று படிப்பது இதைத்தான். யாருக்கு எழுதலாம், யாருக்கு எழுதக் கூடாது, யாருக்குத் திரும்ப வராது என்று தெரிந்தும் எழுத வேண்டும் என்பதெல்லாம் அந்த நோட்டில் எண்ணாக இல்லாமல் இருந்த கணக்கு.

உரிமம், பதிவு போன்றவையும் நிஜத்தில் வேறு. தீபகற்பத்தில் தனியுரிமைக் கடையை 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் நிறுவன ஆணையத்தில் பதிய வேண்டும். நிரந்தரக் கடையென்றால் நகராண்மையின் உரிமமும் வேண்டும். ஸ்கூடாய் வட்டாரத்துக்கு அது இஸ்கந்தர் புத்ரி மாநகர் மன்றம். விளையாட்டில் உரிமம் என்பது புதுச் சரக்கைத் திறக்கும் பொத்தான் மட்டுமே.

செய்து பார்க்க

விளையாட்டு கையில் உள்ளவர்கள் ஒரு நோட்டை எடுத்துக்கொள்ளுங்கள். ஏழு விளையாட்டு நாள்களுக்கு ஒரு பாக்கெட்டும் கிழிக்காமல் கடை நடத்தி, ஒவ்வொரு நாளும் கல்லாவில் எவ்வளவு, அலமாரியில் எவ்வளவு என்று தனித்தனியாக எழுதுங்கள். அடுத்த ஏழு நாள்களுக்கு, ஒவ்வொரு நாளும் பத்துப் பாக்கெட் கிழியுங்கள். கிழித்த ஒவ்வொன்றையும் விற்கிற விலைக்கே செலவாக எழுத வேண்டும். வந்த கார்டுகளின் சந்தை விலையை வரவில் எழுதாதீர்கள்; விற்ற பிறகே எழுதுங்கள். பதினான்கு நாள் முடிவில் இரண்டு வாரக் கல்லாவையும் ஒப்பிட்டுப் பாருங்கள்.

விளையாட்டு இல்லாதவர்களுக்குத் தாளில் ஒரு கணக்கு. பாக்கெட் வாங்கும் விலை 8 வெள்ளி, விற்கும் விலை 10. இருநூறு பாக்கெட்டில் 170இல் 4 வெள்ளி மதிப்பும், 28இல் 25 வெள்ளி மதிப்பும், 2இல் 300 வெள்ளி மதிப்பும் உள்ளன. கிழிக்கலாமா? சராசரியைப் பார்த்ததும் பதில் சொல்லிவிடாதீர்கள். கையில் 160 வெள்ளி மட்டுமே உள்ளவர், அதாவது இருபது பாக்கெட் வாங்க முடிந்தவர், அந்த 300 வெள்ளிக் கார்டைப் பார்க்காமலே போகும் வாய்ப்பையும் கண்டுபிடியுங்கள். அடுத்த சந்திப்பில் நோட்டைக் கொண்டு வாருங்கள்; தே தாரிக் என் செலவு.